வேலை முடிந்தது, பில் வரவில்லை: கோர்ட்டுக்குப் போகலாமா?



போன மாதக் கூட்டத்தில் ஒரு குழுவின் ஊக்குநர் எழுந்து, "பள்ளிக்கூடச் சுற்றுச்சுவர் கட்டிக் கொடுத்தோம். முதல் பில் வந்துச்சு. மீதி 1,40,000 ரூபாய்க்கு ரெண்டரை வருஷமா ஆபீசுக்கு நடக்கிறோம். 'ஃபண்டு வரல, அடுத்த மாசம் வாங்க'ன்னே சொல்றாங்க. சிமெண்டு கடைக்காரர் வீட்டு வாசல்ல வந்து நிக்கிறார்" என்றார்.

நாங்கள் முதலில் கேட்டது, "வேலை முடிந்த தேதி என்ன?" என்றுதான். ஏன் அப்படிக் கேட்டோம்? பார்ப்போம்.

1. கெடு 3 வருஷம்

1963-ஆம் ஆண்டு காலவரையறைச் சட்டப்படி, செய்த வேலைக்குக் கூலி கேட்டு வழக்குப் போட 3 வருஷம்தான் கெடு. பணம் தரும் தேதி பேசியிருக்காவிட்டால், வேலை முடிந்த நாளிலிருந்து கணக்கு. ஆபீசுக்கு நடந்த நடை கெடுவை நீட்டாது. வாயால் "தர்றோம்" என்பதும் நீட்டாது. ஆனால் கெடு முடியும் முன்பே, "இவ்வளவு பாக்கி இருக்கிறது" என்று பொறுப்புள்ள அதிகாரி எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தால், அன்றிலிருந்து புதிதாக 3 வருஷம் கிடைக்கும். அதனால் எதையும் எழுத்தில் கேளுங்கள்.

2. காகிதம் பேசும்

ஒர்க் ஆர்டர், பில் நகல், போட்டோ, தீர்மான நோட்டு எல்லாவற்றையும் ஒரே ஃபைலில் வையுங்கள். வேலையை அளந்து எழுதிய எம்.புக் ஆபீசில்தான் இருக்கும். 2005-ஆம் ஆண்டு தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போட்டு அதன் நகலைக் கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும்.

3. நோட்டீஸ்

மாநில அரசு மேல் வழக்கு என்றால், உரிமையியல் நடைமுறைச் சட்டம் 80-ஆம் பிரிவுப்படி முதலில் நோட்டீஸ் கொடுத்து 2 மாதம் பொறுக்க வேண்டும். ஊராட்சி போன்ற உள்ளாட்சி அமைப்புக்கு என்ன விதி என்று வக்கீலிடம் கேளுங்கள். நோட்டீசில் வட்டியும் கேட்டு எழுதுங்கள். ஸ்பீடு போஸ்டில் அனுப்பி ரசீதைப் பத்திரப்படுத்துங்கள்.

4. எந்தக் கோர்ட்?

பணத்துக்கு வழக்கமான இடம் சிவில் கோர்ட். ஒப்பந்தத்தில் 'தகராறு வந்தால் நடுவர் தீர்ப்பார்' என்று இருந்தால் முதலில் அந்த வழி. ஹைகோர்ட்டில் ரிட் மனுவும் போடலாம். ஒப்பந்த விஷயத்திலும் அரசு நியாயமில்லாமல் நடந்தால் ரிட் போட முடியும் என்று சுப்ரீம் கோர்ட் 2004-இல் சொல்லியிருக்கிறது. ஆனால் வேலையின் அளவிலோ தரத்திலோ ஆபீஸ் தகராறு செய்தால், சாட்சி விசாரிக்க சிவில் கோர்ட்டுக்கே போகச் சொல்வார்கள்.

இன்னொன்று: பதிவு செய்யாத குழு தன் பெயரில் வழக்குப் போட முடியாது. கோர்ட் அனுமதியோடு ஒன்றிரண்டு உறுப்பினர்கள் எல்லோருக்காகவும் போடலாம்.

5. "ஒப்பந்தமே சரியில்லை" என்றால்?

பயப்பட வேண்டாம். 1944-இல் வங்காளத்தில் ஒரு கட்டுமான நிறுவனம் அரசு இலாகாவுக்குக் கிடங்கு கட்டிக் கொடுத்தது. முறைப்படி ஒப்பந்தம் இல்லை என்று அரசு பணம் தர மறுத்தது. 1961-இல் சுப்ரீம் கோர்ட், 'இலவசமாகச் செய்யாத வேலையை ஏற்றுப் பலன் அனுபவித்தால் ஈடு கொடுக்க வேண்டும்' என்று தீர்ப்பளித்தது. இது ஒப்பந்தச் சட்டம் 70-ஆம் பிரிவு.

6. வக்கீல் செலவு

1987-ஆம் ஆண்டுச் சட்டப்படி பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. மாவட்ட கோர்ட் வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். அங்கேயே லோக் அதாலத்தில் சமரசமும் பேசலாம். அங்கே முடிவானால் அது கோர்ட் தீர்ப்புக்குச் சமம், அப்பீல் கிடையாது. ஆகவே தொகையை நன்றாக யோசித்துச் சம்மதியுங்கள்.

அந்தக் குழுவுக்குக் கெடு முடிய 5 மாதம் இருந்தது. சட்ட உதவி வக்கீல் மூலம் நோட்டீஸ் போனது. '1,40,000 ரூபாய் நிலுவையில் உள்ளது' என்று ஆபீசிலிருந்து கையெழுத்தோடு பதில் வந்திருக்கிறது. பணம் இன்னும் வரவில்லை. ஆனால் அந்த ஒரு காகிதம் கெடுவைக் காப்பாற்றிவிட்டது. இன்னும் தாமதமானால் வழக்குத்தான் என்று தீர்மானம் போட்டிருக்கிறோம்.

குழுவில் பேசுங்கள்:

- நம் குழுவுக்கு வர வேண்டிய பில் ஏதாவது உண்டா? வேலை முடிந்த தேதி என்ன?
- பாக்கியை ஒப்புக்கொண்ட கடிதம் நம் கையில் இருக்கிறதா?
- ஃபைல் யார் பொறுப்பில் இருக்கிறது?