சந்தைக்குப் போகாத ஆப்பிள்

ஆப்பிளை நாம் எல்லோரும் பார்த்திருக்கிறோம். தள்ளுவண்டியில் அடுக்கி வைத்து, "சிம்லா ஆப்பிள்! சிம்லா ஆப்பிள்!" என்று கூவி விற்பார்கள். பழம் சிவப்பாக இருக்கும். பளபளப்பாக இருக்கும். மேலே வடு எதுவும் இருக்காது.

மரத்தில் காய்க்கும் எல்லாப் பழமும் இப்படி இருக்குமா? இருக்காது. சில பழம் காற்றில் கீழே விழும். சில பழத்தில் வடு இருக்கும். சில பழம் சிறுத்துப் போகும். அந்தப் பழங்கள் எங்கே போகின்றன? அவற்றை வைத்து வீட்டில் என்ன செய்யலாம்? இந்தப் பாடத்தில் படிப்போம்.

மலைக்கு ஆப்பிள் வந்த கதை

நம் நாட்டில் ஆப்பிள் மிக அதிகமாக விளையும் இடம் காஷ்மீர். அதற்கு அடுத்தது இமாசலப் பிரதேசம். சிம்லா அந்த மாநிலத்தின் தலைநகரம்.

ஆப்பிள் மரத்துக்குக் குளிர் வேண்டும். குளிர்காலத்தில் அது இலையை எல்லாம் உதிர்த்துவிட்டு உறங்கும். அந்த உறக்கம் போதாவிட்டால் அடுத்த ஆண்டு சரியாகப் பூக்காது. அதனால்தான் மலை நாட்டில் அது நன்றாகக் காய்க்கிறது.

1870-ஆம் ஆண்டு குலு பள்ளத்தாக்கில் லீ என்ற ஆங்கிலேயப் படை அதிகாரி ஆப்பிள் தோட்டம் போட்டார். அந்தக் காலத்துப் பழங்களில் புளிப்பு அதிகம். மக்கள் அவற்றை விரும்பி வாங்கவில்லை.

பிறகு வந்தவர் சாமுவேல் ஸ்டோக்ஸ். இவர் அமெரிக்கர். 1904-இல் தொழுநோயாளிகளுக்குத் தொண்டு செய்ய இந்தியா வந்தார். சிம்லாவுக்கு அப்பால் உள்ள கோட்கர் பகுதியில் தங்கினார். அந்த ஊர்ப் பெண்ணையே திருமணம் செய்துகொண்டார். 1916-இல் அமெரிக்காவிலிருந்து இனிப்பு ஆப்பிள் கன்றுகளை வரவழைத்து நட்டார். அவை 'டெலிசியஸ்' என்ற வகை. அக்கம்பக்கத்தாருக்கும் கன்று கொடுத்தார். வளர்க்கும் முறையைச் சொல்லிக் கொடுத்தார்.

அவர் விடுதலைப் போராட்டத்திலும் கலந்துகொண்டார். 1921-இல் சிறைக்குப் போனார். 1946-இல் காலமானார். அவர் நட்ட வகை மலையெங்கும் பரவியது. பல ஏழைக் குடும்பங்களுக்கு அது வாழ்வு கொடுத்தது.

சிவப்புக்கு நடுவே மஞ்சள்

ஒரு செய்தி பலருக்குத் தெரியாது. சிவப்பு ஆப்பிள் மரம் தன் மகரந்தத்தால் தானே காய்க்காது. பக்கத்தில் வேறு வகை மரம் இருக்க வேண்டும். அந்த மரத்தின் மகரந்தத்தைத் தேனீ கொண்டுவர வேண்டும். அப்போதுதான் பூ காயாகும்.

அதனால் தோட்டத்தில் சிவப்பு மரங்களுக்கு நடுவே மஞ்சள் ஆப்பிள் மரங்களையும் நடுவார்கள். அதற்கு 'கோல்டன் டெலிசியஸ்' என்று பெயர். தோட்டக்காரர்கள் சுருக்கமாக 'கோல்டன்' என்பார்கள்.

மஞ்சள் மரம் இல்லாவிட்டால் சிவப்புப் பழம் இல்லை. ஆனால் சந்தையில் சிவப்புக்குத்தான் கிராக்கி. மஞ்சளுக்கு விலை குறைவு.

வடுப்பட்ட பழத்துக்கும் இதே நிலைதான். அதைப் பெட்டியில் அடுக்கினால் வியாபாரி விலையைக் குறைப்பார். இத்தகைய பழத்தை 'சி கிரேடு' என்று ஒதுக்குவார்கள். இமாசலப் பிரதேச அரசு ஒரு விலை வைத்து அதை வாங்குகிறது. அதிலிருந்து பழச்சாறு எடுக்கிறார்கள். 2023-ஆம் ஆண்டில் அந்த விலை கிலோவுக்கு 12 ரூபாய்.

மாமியாரும் மருமகளும்

கோட்கர் பக்கத்தில் ஒரு கிராமம். அங்கே ஒரு மாமியார், ஒரு மருமகள். அவர்களுக்குச் சிறிய ஆப்பிள் தோட்டம் இருந்தது. மே மாதம் ஆலங்கட்டி மழை பெய்தது. பிஞ்சுகளில் அடிபட்டது. பிஞ்சு பெருத்தது. வடுவும் கூடவே பெருத்தது. செப்டம்பரில் பறித்தபோது பாதிப் பழத்தில் வடு இருந்தது.

மாமியாருக்கு மனம் நொந்தது. "இந்த வருஷம் பெட்டிக்காசு கூடத் தேறாது. கீழே கிடப்பதை நறுக்கி மாட்டுக்குப் போடு" என்றார்.

மருமகள் எழுத்தறிவு வகுப்பில் படித்தவள். மகளிர் மன்றத்தில் ஒரு நாள் சமையல் பயிற்சி நடந்தது. அங்கே சொன்னதைத் தன் நோட்டில் எழுதி வைத்திருந்தாள். அதை எடுத்து வந்தாள்.

"அம்மாஜி, வடு தோலில்தான் இருக்கிறது. உள்ளே பழம் நன்றாக இருக்கிறது. ஆப்பிள் கிரிஸ்ப் என்று ஒரு பலகாரம் செய்யலாம். அமெரிக்காவில் வீடுகளில் செய்வார்களாம். கீழே ஆப்பிள், மேலே மொறுமொறு மாவு."

"அதற்கு மின்சார அடுப்பு வேண்டுமே? நம்மிடம் எங்கே இருக்கிறது?"

"கனமான சட்டி இருந்தால் போதுமாம். எழுதி வைத்திருக்கிறேன்."

"நோட்டைப் பார்த்தா சமைப்பது? நான் நாற்பது வருஷமாகக் கையால் அளந்து சமைக்கிறேன்" என்று மாமியார் சிரித்தார்.

மருமகள் நோட்டைப் படித்துப் படித்துச் செய்தாள். மணம் வீடு முழுவதும் பரவியது. மூடியைத் திறந்தாள். ஆப்பிள் நன்றாக வெந்திருந்தது. ஆனால் மேல் மாவு மொறுமொறுப்பாக இல்லை. அவள் முகம் வாடியது.

மாமியார் எட்டிப் பார்த்தார். "கீழே மட்டும்தானே நெருப்பு? மேலே யார் சூடு கொடுப்பது? மூடியின் மேல் தணல் போடு" என்றார்.

இருவரும் மூடியின் மேல் தணலைப் பரப்பினார்கள். பத்து நிமிடம் பொறுத்தார்கள். திறந்தபோது மாவு பொன்னிறமாக இருந்தது. ஆறியதும் மொறுமொறுவென்று உடைந்தது.

மருமகள் நோட்டை எடுத்து, 'மூடியின் மேல் தணல், 10 நிமிடம்' என்று எழுதினாள்.

"நான் சொன்னதையும் எழுதிவிட்டாயா?" என்று மாமியார் கேட்டார்.

"எழுதிவிட்டேன், அம்மாஜி."

"அப்படியானால் மஞ்சள் பழத்தைத் தனியாக எடுத்து வை. நாளைக்கு உன் நாத்தனார் வருகிறாள். அவளுக்கும் செய்து கொடுப்போம்."

அவர்கள் செய்த முறையை நாமும் தெரிந்துகொள்வோம்.

தேவையான பொருள்கள் (6 பேருக்கு)

கீழே வைக்க:
ஆப்பிள் – 600 கிராம் (நடுத்தர அளவில் 4 பழம்)
சர்க்கரை – 2 மேசைக்கரண்டி
எலுமிச்சைச் சாறு – 1 மேசைக்கரண்டி
பட்டைத் தூள் – அரைத் தேக்கரண்டி

மேலே தூவ:
கோதுமை மாவு – 100 கிராம்
ரவை – 30 கிராம்
பொடித்த வெல்லம் – 60 கிராம்
நெய் – 60 கிராம்
உடைத்த அக்ரூட் பருப்பு – ஒரு கைப்பிடி
உப்பு – ஒரு சிட்டிகை

தராசு இல்லையா? கவலை வேண்டாம். மாவும் ரவையும் சேர்ந்து ஒரு டம்ளர் என்றால், வெல்லம் அரை டம்ளர், நெய் கால் டம்ளர். அக்ரூட் கிடைக்காவிட்டால் வேர்க்கடலை போடலாம்.

செய்யும் முறை

1. கனமான இரும்புச் சட்டியில் இரண்டு விரல் உயரத்துக்கு மணல் அல்லது கல் உப்பைப் பரப்பவும். அதன் மேல் ஒரு சிறு தட்டைக் கவிழ்த்து வைக்கவும். மூடி போட்டு, மிதமான தீயில் பத்து நிமிடம் சூடாக்கவும்.

2. ஆப்பிளைக் கழுவவும். வடுவையும் தோலையும் சீவி எடுக்கவும். விதையை நீக்கவும். சிறு துண்டுகளாக நறுக்கவும். துண்டுகள் ஒரே அளவாக இருக்கட்டும். உடனே எலுமிச்சைச் சாறு விட்டுக் கலக்கவும்.

3. சர்க்கரை, பட்டைத் தூள் இரண்டையும் சேர்க்கவும். நெய் தடவிய எவர்சில்வர் பாத்திரத்தில் துண்டுகளைப் பரப்பவும்.

4. மாவு, ரவை, உப்பு, வெல்லம் எல்லாவற்றையும் கலக்கவும். உறைந்த நெய்யைச் சேர்த்து விரல் நுனியால் பிசறவும். மாவு புட்டு மாவு போல உதிரியாக வர வேண்டும். தண்ணீர் விடக்கூடாது. பருப்பைக் கலக்கவும்.

5. இந்த மாவை ஆப்பிள் மேல் தூவவும். கையால் அழுத்த வேண்டாம்.

6. பாத்திரத்தைச் சட்டிக்குள் தட்டின் மேல் வைக்கவும். மூடி போட்டு, சிறு தீயில் 40 நிமிடம் வேக விடவும்.

7. பிறகு மூடியின் மேல் தணலைப் பரப்பிப் பத்து நிமிடம் விடவும்.

8. இறக்கிப் பத்து நிமிடம் ஆற விடவும். பிறகு பரிமாறவும்.

வீட்டில் தணல் இல்லாவிட்டால் என்ன செய்வது? பிசறிய மாவை வாணலியில் போட்டுச் சிறு தீயில் இளம் பொன்னிறமாக வறுக்கவும். பிறகு ஆப்பிள் மேல் தூவி வேக வைக்கவும். மின்சார அடுப்பு உள்ளவர்கள் 180 டிகிரி சூட்டில் 40 நிமிடம் வைக்கலாம்.

ஏன், எதற்கு?

எலுமிச்சைச் சாறு எதற்கு? நறுக்கிய ஆப்பிள் காற்றுப் பட்டால் பழுப்பாகும். புளிப்பு அதைத் தடுக்கும்.

தண்ணீர் ஏன் கூடாது? நெய் மாவைச் சுற்றிப் பூசிக்கொள்ளும். அதனால் மாவு உதிரியாக நிற்கும். தண்ணீர் விட்டால் சப்பாத்தி மாவு போல ஒட்டிக்கொள்ளும். மொறுமொறுப்பு வராது.

ஏன் ஆற விட வேண்டும்? சூட்டில் வெல்லம் இளகி இருக்கும். ஆறும்போது இறுகும். அப்போதுதான் மேல் மாவு மொறுமொறுப்பாகும். ஆப்பிளில் பெக்டின் என்ற பொருள் இருக்கிறது. ஜாம் கெட்டியாவதற்கு உதவுவது அதுதான். ஆறும்போது அது பழச்சாற்றையும் கெட்டியாக்கும்.

எந்த ஆப்பிள் நல்லது? சிவப்பு டெலிசியஸ் பச்சையாகச் சாப்பிட ருசியானது. வேக வைத்தால் குழைந்து போகும். விலை குறைந்த மஞ்சள் கோல்டன் அவ்வளவு குழையாது. சந்தையில் பின்னால் நிற்கும் பழம் சமையலில் முன்னால் நிற்கிறது.

கவனிக்க வேண்டியவை

அடிபட்ட பழம் வேறு. அழுகிய பழம் வேறு. காய்ந்த வடுவைச் சீவிவிட்டுப் பழத்தைச் சாப்பிடலாம். அழுகி, பூஞ்சை பிடித்த பழத்தைச் சமைக்கவே கூடாது. அந்தப் பூஞ்சை பட்டுலின் என்ற நஞ்சை உண்டாக்கும். அடுப்புச் சூட்டில் அது முழுவதும் அழியாது. அதை எறிந்துவிடுங்கள்.

மூடிய அறையில் தணலை வைக்காதீர்கள். கரிப்புகை உயிரைக் குடிக்கும். சன்னலையும் கதவையும் திறந்து வையுங்கள்.

சர்க்கரை நோய் உள்ளவர்கள் இதைத் தவிர்ப்பது நல்லது. வெல்லம்தானே என்று நினைக்க வேண்டாம். வெல்லமும் உடம்பில் சர்க்கரையை ஏற்றும்.

சொல்லும் பொருளும்

வடு – காயம் ஆறிய தழும்பு
தணல் – எரிந்த விறகின் நெருப்புத் துண்டு
மகரந்தம் – பூவில் உள்ள தூள்
கிராக்கி – வாங்குவோர் அதிகமாக இருப்பது

பயிற்சி

1. ஸ்டோக்ஸ் எந்த ஆண்டு ஆப்பிள் கன்றுகளை நட்டார்?
2. சிவப்பு ஆப்பிள் மரங்களுக்கு நடுவே மஞ்சள் ஆப்பிள் மரத்தை ஏன் நடுகிறார்கள்?
3. மாமியார் சொன்ன யோசனை என்ன? மருமகள் அதை ஏன் நோட்டில் எழுதினாள்?
4. ஒரு கிலோ 12 ரூபாய் என்றால், 20 கிலோ ஆப்பிளுக்கு எத்தனை ரூபாய்?
5. 6 பேருக்கு 600 கிராம் ஆப்பிள் வேண்டும். 24 பேருக்கு எவ்வளவு வேண்டும்?
6. உங்கள் ஊரில் விலை போகாமல் வீணாகும் பழம் அல்லது காய் எது? அதை வைத்து என்ன செய்யலாம் என்று வீட்டில் உள்ள பெரியவர்களைக் கேளுங்கள். அவர்கள் சொல்லும் அளவையும் முறையையும் உங்கள் நோட்டில் எழுதுங்கள்.