தகப்பன் வீட்டில் மகளுக்குப் பங்குண்டா?



மகளைக் கட்டிக்கொடுத்தாயிற்று, நகையும் போட்டாயிற்று, இனி அவளுக்கு நம் வீட்டில் என்ன இருக்கிறது? இப்படிப் பேசாத குடும்பங்கள் நம்மில் எத்தனை? இந்தப் பேச்சு ஒரு காலத்தில் சட்டமாகவே இருந்ததை அறிவீர்களோ?

பழைய திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் 1916-ம் ஆண்டு கிறிஸ்தவர் வாரிசுரிமைக்கென ஒரு சட்டம் ஏற்பட்டது. இன்றைய கன்னியாகுமரி மாவட்டமும் அப்போது அந்தச் சமஸ்தானத்தைச் சேர்ந்ததே. உயில் எழுதாமல் தகப்பன் இறந்தால், மகனுடைய பங்கில் கால் பாகம், அல்லது 5,000 ரூபாய், இவற்றுள் எது குறைவோ அதுவே மகளுக்கு ஸ்திரீதனம். கணக்குப் பாருங்கள்: மகனின் பங்கு ஒரு லட்சமானால் கால் பாகம் 25,000, மகள் கைக்கு வருவதோ 5,000 மாத்திரமே. ஸ்திரீதனம் முன்பே கொடுத்திருந்தால் அதுவும் இல்லை. விதவைத் தாய்க்கு நிலத்தில் ஆயுட்கால அனுபவம் மட்டும். மறுமணம் செய்தால் அதுவும் போயிற்று. (இலத்தீன் முறைக் கத்தோலிக்கர் சிலரிடையே சமபங்கு வழக்கம் முன்பே இருந்தது, அவர்களுக்குச் சட்டமே விலக்களித்தது என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.)

கோட்டயத்தில் பள்ளிக்கூடம் நடத்திவந்த மேரி ராய் என்ற சுரியானிக் கிறிஸ்தவப் பெண்மணி இதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் சென்றார். 1986 பிப்ரவரி 24-ல் தீர்ப்பு வந்தது: 1951 ஏப்ரல் 1 முதலே அப்பகுதிகளுக்கும் 1925-ம் ஆண்டின் இந்திய வாரிசுரிமைச் சட்டம்தான் செல்லும். அதன்படி மனைவிக்கு மூன்றில் ஒரு பங்கு. மீதி, மக்கள் அனைவருக்கும் ஆண் பெண் பேதமின்றிச் சரிசமம். தாயும் ஒரு மகனும் இரண்டு மகள்களும் இருந்தால் சொத்தை ஒன்பது கூறாக்குங்கள்: தாய்க்கு மூன்று, பிள்ளைகளுக்கு இரண்டிரண்டு.

சட்டம் மாறியது, வீடு மாறிற்றா? மகள் இன்று ஆசிரியையாகவோ தாதியாகவோ சம்பாதிக்கிறாள். தம்பியைப் படிக்கவைத்தவளும் பல வீடுகளில் அவளே. ஆயினும் பாகப்பிரிவினை என்று வந்தால், "ஒரு கையெழுத்துதானே, அக்கா" என்று விடுதலைப் பத்திரத்தை நீட்டுகிறோம். மறுத்தால் பிறந்தகத்து உறவு அறுந்துவிடுமோ என்று அஞ்சி அவளும் எழுதிக்கொடுக்கிறாள். மனமுவந்து விட்டுக்கொடுத்தால் அது வேறு. வாயை அடைத்துப் பெறுவதற்கும் அதே பெயரா? இன்னும் சில தகப்பன்மார், சமபங்கைத் தவிர்க்கவென்றே மகன்களுக்கு மட்டும் உயில் எழுதிவிடுகிறார்கள். சட்டம் அதைத் தடுக்கவில்லை.

ஆகையால், உயில் எழுதப்போகும் தகப்பன்மாரே, எழுதுமுன் மகளையும் அழைத்து அவள் சகோதரர்கள் மத்தியில் உட்காரவையுங்கள். மருமகனிடம் அல்ல, அவளிடமே கேளுங்கள். பத்திரம் எதுவானாலும் அவளே அதை வாசிக்கட்டும். வாசித்து யோசிக்க இரண்டொரு நாள் அவகாசமும் கொடுங்கள்.