தவறிய நட்டும் தொலைந்த பாடலும்

சார்லி சாப்ளினின் ‘மாடர்ன் டைம்ஸ்’ 1936 பிப்ரவரி 5 அன்று நியூயார்க்கில் வெளியானது. திரைப்படங்கள் பேசத் தொடங்கி எட்டு ஆண்டுகள் கடந்திருந்தன. சாப்ளினும் இப்படத்திற்கு உரையாடல் எழுதி, ஒலிச்சோதனை செய்து பார்த்தார். பின்னர் அதனைக் கைவிட்டார். ஆயினும், படத்தில் சில குரல்கள் கேட்கின்றன. அவை எவருடையவை என்பதைக் கவனியுங்கள்.

ஆலையில் சாப்ளின் ஏற்ற நாடோடிக்கு ஒரே வேலை: இரு கைகளிலும் ஸ்பேனர் பிடித்து, நகரும் பட்டையில் வரும் நட்டுகளை முடுக்குதல். உடலைச் சொறிந்துகொள்ளக் கணநேரம் நின்றாலும் ஒரு நட்டு தவறிவிடும். அடுத்து நிற்பவரின் வேலையும் குலையும். முதலாளியின் முகம் திரையில் தோன்றி, வேகத்தைக் கூட்டுமாறு ஆணையிடுகிறது. கழிவறைச் சுவரிலும் அதே முகம், அதே குரல்! தொழிலாளருக்கு உணவூட்டும் இயந்திரத்தை விற்க வருபவரும் வாய் திறப்பதில்லை. அவருக்காக இசைத்தட்டு பேசுகிறது. வேலை செய்வோர் எவருக்கும் குரல் இல்லை.

டெட்ராய்ட் ஆலைகளுக்கு வந்த நாட்டுப்புற இளைஞர்கள் நகரும் பட்டையின் முன் சில ஆண்டுகளிலேயே நரம்பு தளர்ந்து போவதைச் செய்தியாளர் ஒருவர் கூறக் கேட்டதாகச் சாப்ளின் தம் தன்வரலாற்றில் எழுதியுள்ளார். 1913இல் ஃபோர்டு ஆலையில் இம்முறை வந்தபின், மகிழுந்தின் அடிச்சட்டத்தைப் பொருத்தும் நேரம் ஏறத்தாழ 12½ மணியிலிருந்து ஓராண்டுக்குள் ஒன்றரை மணியாகக் குறைந்தது.

படத்தில் வேகம் கூடுகிறது. தவறிய நட்டைத் துரத்திய நாடோடி பட்டைமீது பாய்கிறான். இயந்திரம் அவனை விழுங்குகிறது. பற்சக்கரங்களுக்கிடையே சுழலும்போதும் அவன் கைகள் நட்டுகளையே முடுக்குகின்றன. நாம் சிரிக்கிறோம், சிரிப்பு அடங்கிய பின்னரே அச்சம் பிறக்கிறது. வெளியே வந்தவன் பெண்ணொருத்தியின் ஆடைப் பொத்தான்களையும் நட்டுகளாகக் கண்டு துரத்துகிறான். மனநிலை பிறழ்ந்து மருத்துவமனை சேர்கிறான்.

படத்தின் இறுதிப் பகுதியில் உணவகமொன்றில் பாடும் வேலை கிடைக்கிறது. பாட்டு மனத்தில் நிற்காததால், உடனிருக்கும் பெண் அதனை அவன் சட்டையின் கைப்பட்டியில் எழுதித் தருகிறாள். அரங்கில் நுழைந்து அவன் கைகளை வீச, கைப்பட்டிகள் பறந்து தொலைகின்றன. சொற்கள் இல்லாமலே பாடுமாறு அவள் சைகை காட்டுகிறாள். பிரெஞ்சு போலவும் இத்தாலியம் போலவும் ஒலிக்கும், எம்மொழியிலும் பொருளில்லாச் சொற்களால் அவன் பாடுகிறான். திரையில் நாடோடியின் குரலை உலகம் முதன்முதலாகக் கேட்டது அப்போதுதான். கண்ணாலும் கையாலும் அவன் சொல்லும் கதை விளங்கி, உணவகமே சிரிக்கிறது.

உரிமையாளர் அவனுக்கு நிலையான வேலை தர முன்வருகிறார். அடுத்த சில நிமிடங்களில் அப்பெண்ணைப் பிடிக்க அலுவலர்கள் வருகின்றனர். இருவரும் தப்பி ஓடுகின்றனர். அந்த வேலை ஒரு பாட்டோடு முடிந்துபோகிறது.