எது எங்கே தொடங்கியது? பாறையில் கவிதை எழுதிய அரசவைக் கவிஞர்

கேள்வி: பிரிட்டனின் இன்றைய அரசவைக் கவிஞர் சைமன் ஆர்மிடேஜ் முன்பு குற்றவாளிகளைக் கவனிக்கும் வேலையில் இருந்தவராமே? அங்கிருந்து கவிதைக்கு எப்படி வந்தார்?

பதில்: உண்மைதான். ஆனால் உத்தியோகமும் கவிதையும் பல காலம் சேர்ந்தேதான் நடந்தன. 1963-ல் ஹடர்ஸ்ஃபீல்டில் பிறந்து, பக்கத்திலுள்ள மார்ஸ்டன் கிராமத்தில் வளர்ந்தவர். யார்க்‌ஷயரின் மேற்குக் கோடியில், பென்னைன் மலையடிவாரத்தில், கம்பளி ஆலைகளால் பிழைத்த ஊர் அது. அப்பா எலக்ட்ரீஷியன், தீயணைப்பு வீரர், நன்னடத்தை அலுவலர் என்று பல வேலை பார்த்தவர். ஊர்க்காரர்களைச் சேர்த்து நாடகமும் போடுவார்.

மகன் போர்ட்ஸ்மவுத்தில் புவியியல் படித்தார். பிறகு மான்செஸ்டர் பல்கலைக்கழகத்தில் முதுகலை. தொலைக்காட்சியில் வரும் அடிதடி இளங்குற்றவாளிகளை எப்படிப் பாதிக்கிறது என்பதுதான் ஆய்வுப் பொருள். அடுத்து அப்பா வழியிலேயே நன்னடத்தை அலுவலர் வேலை. வழக்கில் சிக்கியவரின் வீடு, வேலை, கடன், குடி எல்லாவற்றையும் விசாரித்து நீதிமன்றத்துக்கு அறிக்கை தருவது அந்த வேலையின் ஒரு பகுதி.

கவிதையின் விதை பள்ளியில் விழுந்தது. பாடத்தில் வந்த கவிஞர் டெட் ஹியூஸ், மலைக்கு அந்தப் பக்கத்து ஊரில் பிறந்தவர். நம் பக்கத்து மனிதரும் இப்படி எழுதலாம் என்ற துணிச்சல் பையனுக்கு அங்கே பிறந்தது. பிற்பாடு ஹடர்ஸ்ஃபீல்டில் பீட்டர் சான்சம் நடத்திய கவிதைப் பட்டறையில் சேர்ந்தார். முதல் தொகுப்பு 'ஸூம்!' 1989-ல் வந்தது. வேலையை விட்டது 1994-ல்தான். பப்பிலும் பஸ்ஸிலும் புழங்கும் பேச்சில், அடுத்தவர் கதையைத் தீர்ப்புச் சொல்லாமல் கேட்டு எழுதும் பாணி இவருடையது. நன்னடத்தை அலுவலகம் அதற்கு நல்ல பயிற்சிக்கூடம்.

கேள்வி: இந்த அரசவைக் கவிஞர் பதவி எப்போது ஏற்பட்டது? சம்பளமாக மது கொடுப்பார்களாமே?

பதில்: கவிஞர் பென் ஜான்சனுக்கு 1616-ல் அரசர் உதவித்தொகை ஏற்படுத்தினார். 1630-ல் முதலாம் சார்லஸ் அதை ஆண்டுக்கு 100 பவுண்டாக உயர்த்தி, கேனரி தீவு ஒயின் ஒரு பீப்பாயும் சேர்த்துக் கொடுத்தார். மதுக்கதை அங்கேதான் ஆரம்பம். ஆனால் முறையான நியமனம் பெற்ற முதல் ஆள் ஜான் டிரைடன், 1668-ல். அரசர் மாறியபோது கத்தோலிக்கரான டிரைடன் புதிய ஆட்சியாளர்களுக்கு விசுவாசப் பிரமாணம் எடுக்க மறுத்தார்; பதவி போயிற்று. அந்த நாற்காலியில் உட்கார்ந்தவர் தாமஸ் ஷாட்வெல். டிரைடன் ஒரு முழுக் கவிதையே எழுதிக் கிண்டலடித்த அதே ஷாட்வெல்!

1790-ல் பதவிக்கு வந்த ஹென்றி பை, பீப்பாய்க்குப் பதில் 27 பவுண்டு ரொக்கமாக வாங்கிக்கொண்டார். பிற்காலத்தில் ஸ்பெயின் நாட்டு ஷெர்ரி ஒயின் தயாரிப்பாளர்கள் வழக்கத்தைப் புதுப்பித்தார்கள். 2009-ல் பதவியேற்ற கரோல் ஆன் டஃபி, தமக்குரிய 600 பாட்டிலையும் முன்கூட்டியே தந்துவிடும்படி கேட்டார். முன்பு ஆயுள் முழுக்க இருந்த பதவி, 1999-ல் ஆண்ட்ரூ மோஷன் வந்ததிலிருந்து 10 ஆண்டுப் பதவியாகிவிட்டது. ஆர்மிடேஜ் 2019 மே மாதம் ஏற்றார். தமக்குக் கிடைக்கும் ஆண்டு மதிப்பூதியமான 5,000 பவுண்டைக் கொண்டு, இயற்கையையும் சுற்றுச்சூழலையும் பாடும் தொகுப்புகளுக்காக 'லாரல் பரிசு' ஏற்படுத்தினார்.

கேள்வி: மலைப்பாறைகளில் இவர் கவிதைகளைச் செதுக்கியிருப்பதாகப் படித்தேன். யாருடைய யோசனை?

பதில்: இல்க்லி ஊரின் இலக்கிய விழாக்காரர்கள் இவரைக் கேட்டுக்கொண்டதில் தொடங்கியது. மார்ஸ்டனிலிருந்து இல்க்லி வரை பென்னைன் மேட்டுநிலத்தில் ஆறு இடங்களைத் தேர்ந்தார்கள். ஆறு கவிதைக்கும் பொருள் தண்ணீர்: பனி, மழை, மூடுபனி, பனித்துளி, குட்டை, ஓடை. எழுத்துகளைக் கல்லில் வெட்டியவர் பிப் ஹால் என்ற சிற்பி. 2012-ல் வேலை முடிந்தது. எல்லாவற்றையும் சேர்த்து நடந்தால் 47 மைல்.

மார்ஸ்டனை ஒட்டிய பியூல் குன்றில் கைவிடப்பட்ட கல்குவாரியின் சுவரில் பனிக் கவிதை இருக்கிறது. இல்க்லிக்கு மேலே, ஓடைக் கவிதை ஓடையிலேயே கிடக்கிறது. மழை பெய்து தண்ணீர் ஏறினால் எழுத்துகளின் மேலே ஓடும். பாசி பிடிக்கும், தேயும் என்பது தெரிந்தே செய்த ஏற்பாடு. அதே மேட்டில், வரலாற்றுக்கு முந்தைய மனிதர்கள் குழிகளும் வளையங்களுமாகச் செதுக்கிய பாறைகள் நிறைய உண்டு. அங்கே கல்லில் கை வைப்பது புதிய பழக்கமில்லை. ஏழாவதாக ஒரு கல்லை இடம் சொல்லாமல் வைத்திருப்பதாகவும் ஒரு பேச்சு. தேடிப் போகிறவர்கள் இருக்கிறார்கள்.

கேள்வி: காற்றைச் சுத்தம் செய்யும் கவிதை என்கிறார்களே, அது விளம்பர வித்தையா?

பதில்: வித்தை இல்லை, வேதியியல். ஷெஃபீல்டு பல்கலைக்கழகத்தின் வேதியியல் பேராசிரியர் டோனி ரயனோடு சேர்ந்து 2014-ல் செய்தது. 10 மீட்டர் அகலம், 20 மீட்டர் உயரமுள்ள துணியில் கவிதையை அச்சிட்டு, டைட்டானியம் டை ஆக்சைடு நுண்துகள்களைப் பூசி, சாலையோரக் கட்டடத்தில் தொங்கவிட்டார்கள். வெயிலும் ஆக்சிஜனும் சேரும்போது அந்தத் துகள்கள் வாகனப் புகையிலுள்ள நைட்ரஜன் ஆக்சைடுகளை நைட்ரேட்டாக மாற்றும். மழை கழுவிக்கொண்டு போய்விடும். ஒரு நாளைக்குச் சுமார் 20 கார்களின் மாசு என்று கணக்குச் சொன்னார்கள்.

இதற்கு நேர் எதிர் அளவிலும் ஒன்று செய்திருக்கிறார். புற்றுநோய் ஆய்வு நிறுவனத்துக்காக 2019-ல் எழுதிய 51 சொற்கள் கொண்ட கவிதையை, கிரஹாம் ஷார்ட் என்ற நுண்செதுக்குக் கலைஞர் மாத்திரையின் மாதிரி ஒன்றின் மேல் பொறித்தார். நீளம் 2 செ.மீ., அகலம் 1 செ.மீ.! பாறை, துணி, மாத்திரை எல்லாவற்றிலும் ஒரே கொள்கைதான்: கவிதைப் புத்தகம் வாங்காதவர் இருக்கும் இடத்துக்குக் கவிதை போக வேண்டும். 2010-ல் பென்னைன் நெடும்பாதையில் ஸ்காட்லாந்திலிருந்து தெற்கே, சொந்த ஊர்ப் பக்கமாக நடந்தபோதும் அதையே செய்தார். கையில் காசில்லாமல் கிளம்பி, வழியிலுள்ள ஊர்களில் மாலைதோறும் கவிதை வாசித்து, காலுறை ஒன்றைச் சுற்றுக்கு விட்டு, விழுந்த பணத்தில் வழிச்செலவைப் பார்த்துக்கொண்டார்.

கேள்வி: பழைய இலக்கியத்தில் இவருக்கு ஈடுபாடு உண்டா?

பதில்: நிறைய. 2007-ல் வந்த 'சர் கவெயினும் பச்சை வீரனும்' மொழிபெயர்ப்பு அதற்குச் சாட்சி. மூலம் 600 ஆண்டுக்கு முந்தைய, பெயர் தெரியாத கவிஞர் எழுதிய கதைப்பாட்டு. ஒரே ஒரு கையெழுத்துப் பிரதி பிழைத்து இப்போது பிரிட்டிஷ் நூலகத்தில் இருக்கிறது. அது லண்டன் ஆங்கிலத்தில் எழுதப்படவில்லை. வடக்கை ஒட்டிய பேச்சுவழக்கில் எழுதப்பட்டது. தாமும் வடக்கத்திக்காரர் என்ற உறவைப் பிடித்துக்கொண்டுதான் ஆர்மிடேஜ் உள்ளே போனார். மூலத்தின் உயிர் மோனை. பொருளை மட்டும் பெயர்த்தால் பாட்டு செத்துவிடும் என்று வரிக்கு வரி மோனையைக் காப்பாற்றினார்.

கேள்வி: அரசருக்காகப் பாடியே ஆகவேண்டுமா?

பதில்: கட்டாயமில்லை. வேர்ட்ஸ்வொர்த் 1843-ல் எதுவும் எழுதத் தேவையில்லை என்ற உறுதியைப் பெற்ற பிறகே பதவியை ஏற்றார். ஆர்மிடேஜ் எழுதுகிறார். 2022-ல் எலிசபெத் அரசி மறைந்தபோது எழுதிய இரங்கற்பாவில் இரண்டு பத்தி, ஒவ்வொன்றிலும் ஒன்பது வரி. வரிகளின் முதலெழுத்தைக் கூட்டினால் இரண்டிலும் அரசியின் பெயர் வரும். 2021-ல் தொடங்கி, ஆங்கில அகரவரிசைப்படி நாட்டின் பொது நூலகங்களுக்குப் போய்க் கவிதை வாசிக்கும் 10 ஆண்டுப் பயணமும் நடக்கிறது. இரங்கற்பாவைவிட இந்தப் பயணம்தான் பதவிக்குப் பெருமை என்பது என் கட்சி.

இவரைப் படிக்க நினைக்கும் வாசகர்கள் கவெயினிலிருந்து தொடங்குங்கள். மனசுக்குள் வேண்டாம், வாய்விட்டுப் படியுங்கள்.