பற்றீரியாப் பேதங்கள்: ‘பயோவார்’ என்னும் சொல்லின் பொருளும் பயனும்

நெற்செய்கையாளர்க்கும் மரக்கறிச் செய்கையாளர்க்கும்

சென்ற போகத்தில் வட்டவளைப் பகுதிக் கமக்காரர் ஒருவர் கையில் ஒரு தாளுடன் எம்மிடம் வந்தார். உயர்நிலத்திலிருந்து வாங்கி நட்ட அவருடைய உருளைக்கிழங்கிற் பெரும்பகுதி, பூக்கும் பருவத்தில் இலை பச்சையாக இருக்கும்போதே வாடி விழுந்துவிட்டது. அனுப்பிய மாதிரிக்கு வந்த அறிக்கையில் ‘றல்ஸ்ரோனியா சொலனேசியாரம், பயோவார் 2’ என்று எழுதப்பட்டிருந்தது. “ஐயா, இரண்டு என்றால் நோய் இரண்டு மடங்கு கடுமை என்றா பொருள்?” என்று அவர் வினவினார். வெறுமையான அந்தப் பாத்திகளில் நடுவதற்குத் தக்காளி நாற்றுகள் ஆயத்தமாக இருந்தன. விதைக்கிழங்கிற் போட்ட பணம் போயிற்று. மிகுந்திருந்த பணம் அந்த நாற்றுகளிலேதான் இருந்தது.

அவர் கேட்டது நல்ல கேள்வி. அதற்குரிய விடையை அறிந்தவர் அந்தப் பாத்திகளில் தக்காளி நடமாட்டார். ஆதலால் அச்சொல்லின் பொருளை எல்லாக் கமக்காரரும் அறிந்திருத்தல் நன்று.

1. சாதி, இனம், பேதம்

நெல் என்பது ஓர் இனம். ஆயினும் கடையில் விதைநெல் வாங்கும்போது “நெல் தாருங்கள்” என்று கேட்பதோடு நீங்கள் நிற்பதில்லை. பீஜி 300 வேண்டுமா, பீஜி 352 வேண்டுமா என்று சொல்லியே வாங்குகிறீர்கள். முன்னது மூன்று மாதத்தில் விளையும். பின்னது மூன்றரை மாதத்தில் விளையும். இரண்டும் நெல்லே, ஆனால் நீரும் நாளும் கணக்கிடும்போது இரண்டும் ஒன்றல்ல.

கண்ணுக்குத் தெரியாத பற்றீரியாக்களிலும் இவ்வாறே சாதி, இனம், அதனுள்ளே பேதம் என்னும் படிகள் உள. ‘றல்ஸ்ரோனியா’ என்பது சாதிப் பெயர். ‘சொலனேசியாரம்’ என்பது இனப் பெயர். ‘பயோவார் 2’ என்பது அவ்வினத்தினுள் அமைந்த ஒரு பேதம். நெல்லின் பேதத்தை மணியைப் பார்த்துக் கூறலாம்; பற்றீரியாவின் பேதத்தைக் கண்ணாற் காண இயலாது. அது எதை உண்ணும், எப்பயிரைத் தாக்கும் என்று சோதித்தே அறியவேண்டும். எவ்வகைச் சோதனையாற் பிரித்தனர் என்பதைப் பேதத்தின் பெயரே கூறிவிடும்.

பயோவார், அல்லது உயிரியற் பேதம்: உணவைப் பயன்படுத்தல் முதலான உயிர்த்தொழிற் குணங்களாற் பிரிக்கப்பட்டது.

பதோவார், அல்லது நோயாக்கற் பேதம்: எப்பயிரில் எவ்வகை நோயை உண்டாக்கும் என்பதனாற் பிரிக்கப்பட்டது.

செரோவார், அல்லது நீர்ப்பாயப் பேதம்: இரத்த நீர்ப்பாயத்தைக் கொண்டு செய்யும் சோதனையாற் பிரிக்கப்பட்டது. மனிதருக்கு நெருப்புக்காய்ச்சலை உண்டாக்கும் சல்மொனெல்லாப் பற்றீரியா இவ்வாறு பிரிக்கப்பட்ட ஒரு பேதமாகும்.

பழைய நூல்களில் இவை ‘பயோரைப்’, ‘செரோரைப்’ எனக் காணப்படும். ஓர் இனத்திற்குப் பெயரிடும்போது அதற்குச் சான்றாக வைக்கப்படும் மூல மாதிரியையும் ‘ரைப்’ என்றே அழைப்பர். இரண்டும் மயங்காதிருக்கும்பொருட்டு, பற்றீரியாக்களுக்குப் பெயரிடும் அனைத்துலக விதிகளின் 1975 ஆம் ஆண்டுத் திருத்தம் ‘வார்’ என்னும் ஈற்றைப் பரிந்துரைத்தது. ஆகவே பயோரைப் 2 என்றாலும் பயோவார் 2 என்றாலும் பொருள் ஒன்றே.

2. எண் கூறுவது யாது?

வாடல் நோயை உண்டாக்கும் இப்பற்றீரியாவை 1896 ஆம் ஆண்டில் எர்வின் சிமித் என்னும் அமெரிக்க அறிஞர் பெயரிட்டு விளக்கினார். 1964 ஆம் ஆண்டில் ஹேவார்ட் என்னும் அறிஞர் அதனைப் பேதங்களாகப் பிரித்தார். மோல்ற்றோசு முதலான மூன்று சருக்கரைகளையும், மனிற்றோல் முதலான மூன்று சருக்கரை மதுசாரங்களையும் அதற்கு உணவாகக் கொடுத்து, எவற்றைப் பயன்படுத்துகின்றது என்று பார்த்தார். எதையும் பயன்படுத்தாதது 1. சருக்கரைகளை மட்டும் பயன்படுத்துவது 2. இருவகையையும் பயன்படுத்துவது 3. மதுசாரங்களை மட்டும் பயன்படுத்துவது 4. சருக்கரைகளோடு மனிற்றோலை மட்டும் பயன்படுத்தும் 5 என்னும் பேதம் பின்னர் சேர்க்கப்பட்டது.

எனவே இரண்டு என்பது நோயின் கடுமையைக் காட்டும் அளவன்று. அஃது ஓர் அடையாள எண் மட்டுமே. எனினும் அந்த அடையாளத்தோடு ஒட்டிவரும் குணங்கள் கமக்காரருக்கு மிகவும் வேண்டியவை.

பயோவார் 2 குளிரைத் தாங்கும் பேதம். இதன் தாயகம் தென்னமெரிக்காவின் அந்தீசு மலைநாடு எனக் கருதப்படுகின்றது. விதைக்கிழங்கினுள் மறைந்து உலகின் பல குளிர்நாடுகளுக்கும் இது பரவியது. முதன்மையாகத் தாக்குவது உருளைக்கிழங்கையும் தக்காளியையும். மண்ணில் மட்டும் தனித்து நெடுங்காலம் வாழும் வல்லமை இதற்குக் குறைவு. இலங்கை மலைநாட்டில் வாடற் பற்றீரியா காணப்படுவதுபற்றிச் செனவிரத்ன என்னும் ஆய்வாளர் 1969 ஆம் ஆண்டிலேயே கட்டுரை வெளியிட்டுள்ளார். ஆகவே இது நமக்குப் புதிய விருந்தாளியன்று.

பயோவார் 3, 4 ஆகியவை வெப்பத்தை விரும்புவன. ஆசிய நாடுகளின் மண்ணில் ஊன்றியவை. இவை தாக்கும் பயிர்கள் மிகப்பல: தக்காளி, கத்தரி, மிளகாய், நிலக்கடலை, இஞ்சி, இன்னும் பல களைகள். மண்ணில் நெடுங்காலம் வாழ்வதால் இவற்றை ஒழித்தல் அரிது.

இதிலிருந்து பெறப்படும் பாடம் இது: அறிக்கையில் 2 என்றிருந்தால் முதலில் ஐயுற வேண்டியது விதைக்கிழங்கை. 3 அல்லது 4 என்றிருந்தால் நிலத்தையும், அதில் பாயும் நீரையும், களைகளையும் நோக்குக.

3. வட்டவளையில் வாடல் வெளிப்படுவது ஏன்?

“விதைக்கிழங்கு வாங்கிய இடத்தில் பயிர் செழிப்பாக இருந்ததே, இங்கு மட்டும் வாடியதேன்?” என்பது அக்கமக்காரரின் அடுத்த கேள்வி.

நுவரெலியா போன்ற உயர்நிலத்தின் குளிர்ந்த மண்ணில் பயோவார் 2 கிழங்கினுள் உறங்கிக் கிடக்கும். செடி வாடாது; கிழங்கிலும் குறி தோன்றாது. அக்கிழங்கைத் தாழ்ந்த, வெப்பம் மிகுந்த இடத்தில் நட்டவுடன் பற்றீரியா பெருகி நீர்க்குழாய்களை அடைக்கின்றது. வட்டவளை நுவரெலியாவிலும் மிகத் தாழ்ந்தது. அன்றியும், தென்மேற்குப் பருவமழை நேரே வந்து மோதும் சரிவில் இருப்பதால் நாட்டில் மழை மிகுந்த இடங்களுள் ஒன்றாகவும் உள்ளது. மேற்பாத்தியிலிருந்து வடியும் மழைநீர் நோயைக் கீழ்ப்பாத்திக்குக் கொண்டுசெல்லும். ஆகவே கண்ணுக்கு நல்லதாகத் தோன்றும் கிழங்கு நல்ல விதை என்பதற்குச் சான்றாகாது.

இவ்வுண்மையை வேறு நாட்டாரும் பெருநட்டம் அடைந்தே கற்றனர். 2003 ஆம் ஆண்டில் கென்யாவிலிருந்து அமெரிக்காவுக்கு அனுப்பப்பட்ட ஜெரேனியம் என்னும் பூச்செடித் துண்டங்களில் இதே பயோவார் 2 மறைந்து சென்றது. வாடற் பற்றீரியாவின் வேறு பேதங்கள் அந்நாட்டின் தென்பகுதியில் முன்னரே இருந்தவை. எனினும் குளிர்நிலத்து உருளைக்கிழங்கைக் கெடுக்கும் இப்பேதம் பரவிவிடலாகாது என்று கருதி ஏராளமான பூச்செடிகளை அழித்தனர். இனப் பெயரை மட்டும் பார்த்திருந்தால் அந்த அபாயம் புலப்பட்டிராது.

4. வயலிற் செய்யத்தக்க சோதனை

பேதத்தை ஆய்வுகூடமே கூறவேண்டும். ஆனால் வாடல் பற்றீரியாவினால் வந்ததா என்பதை நீங்களே அறியலாம். வாடிய செடியின் அடித்தண்டில் ஒரு சிறு துண்டை வெட்டுக. தெளிந்த நீர் நிறைந்த கண்ணாடிக் குவளையில் வெட்டுவாய் நீரில் தோயும்படி அதனை அசையாமற் பிடிக்க. சில நிமிடங்களில் பால் போன்ற மெல்லிய இழைகள் வெட்டுவாயிலிருந்து கீழ்நோக்கி இறங்கினால் அது பற்றீரியா வாடலே. கிழங்கைக் குறுக்கே வெட்டினால் பழுப்பு வளையமும், அழுத்தும்போது வெண்மையான கசிவும் தோன்றும். கண்களில் மண் ஒட்டியிருப்பதும் ஓர் அறிகுறி.

வாடிய செடியைக் குணமாக்கும் மருந்து எதுவும் இல்லை. மருந்து தெளித்துப் பணத்தை வீணாக்க வேண்டா.

5. அக்கமக்காரர் செய்தது

தக்காளி நாற்றுகளை அவர் வீசிவிடவில்லை. நோய்ப்பாத்திகளுக்கு மேலே, அவற்றின் வடிநீர் எட்டாத வேறொரு துண்டு நிலத்தில் நட்டார். மேல்நிலத்து வேலையை முதலில் முடித்து, நோய்ப்பாத்திகளுக்குக் கடைசியாகச் சென்றார். மண்வெட்டியைக் கழுவாமல் திரும்பக் கொண்டுசெல்லவில்லை. நோய்ப்பாத்திகளில் எஞ்சிய கிழங்குகளைப் பொறுக்கி அகற்றிவிட்டு, கோவாவும் போஞ்சியும் இட்டார். தக்காளி வாடாமல் நின்றது.

ஆனால் சில வாரங்களில் கோவா இலையின் ஓரத்தில் மஞ்சட் கறை தோன்றவே, வாடல் நோய் கோவாவிற்கும் தாவிவிட்டதென அஞ்சி மீண்டும் வந்தார். இலையின் விளிம்பிலிருந்து நடு நரம்பை நோக்கிக் கூம்பாக மஞ்சள் இறங்கியிருந்தது; நரம்புகள் கறுத்திருந்தன. அது கருமழுகல் என்னும் வேறு நோய். அதனை உண்டாக்குவது சாந்தோமோனசு கம்பெஸ்திறிஸ் என்னும் இனத்தின் ‘கம்பெஸ்திறிஸ்’ என்னும் பதோவார். அது கோவாக் குடும்பத்தைத் தாக்குமேயன்றி உருளைக்கிழங்கைத் தாக்காது. விதையோடும் மழைத்துளியோடும் அது பரவுவதால், நல்ல விதையை வாங்குதலும், நோயுற்ற இலைகளை அகற்றுதலும், அதே பாத்தியில் உடனே கோவாக் குடும்பப் பயிரை இடாமையும் பரிகாரமாம்.

6. நெற்செய்கையாளர் கவனத்திற்கு

பதோவார் என்னும் சொல் வயலிலும் பயன்படும். சாந்தோமோனசு ஒறைசே என்னும் ஒரே இனம் நெல்லில் இரு நோய்களை உண்டாக்குகின்றது.

‘ஒறைசே’ என்னும் பதோவார் பற்றீரியா இலை வெளிறலை உண்டாக்கும். இது இலை விளிம்பிலுள்ள நீர்த்துளைகளாலும் காயங்களாலும் புகுந்து நீர்க்குழாய்களிற் பரவும். நுனியிலிருந்து இரு விளிம்பு வழியே அலைபோல மஞ்சளாகி இலை காயும். யப்பானின் புக்குவோக்காப் பகுதிக் கமக்காரரே இந்நோயை 1884 ஆம் ஆண்டில் முதலிற் கண்டனர்.

‘ஒறைசிக்கோலா’ என்னும் பதோவார் பற்றீரியா இலைக்கோட்டு நோயை உண்டாக்கும். இது இலைவாய்களாற் புகுந்து நரம்புகளுக்கு இடையே தங்கும். இலையை வெயிலுக்கெதிரே பிடித்துப் பார்த்தால் நரம்புகளுக்கிடையே ஒளி ஊடுருவும் மெல்லிய கோடுகள் தோன்றும்.

இலை வெளிறல் தோன்றும் வயலில் யூறியாவை அளவுக்கு மிஞ்சி இடுதலும், நடுகைக்குமுன் நாற்றின் நுனியைக் கிள்ளுதலும் நோய்க்கு வாயிலைத் திறந்துவிடுதலாகும்.

நெல்வயலில் நெல்லை அறுத்தபின் உருளைக்கிழங்கு இடும் வழக்கம் வெலிமடைப் பக்கத்தில் உண்டு. நீர் தேங்கி நின்ற வயலில் வாடற் பற்றீரியா குறைந்துவிடுவதால் அவ்வழக்கம் நன்மை தருவது. ஆனால் நோயுள்ள விதைக்கிழங்கை இட்டால் அந்நன்மை அன்றே அழியும்.

7. நன்மை செய்யும் பேதம்

பேதம் என்றாலே பகை என்று எண்ணற்க. பயறினப் பயிர்களின் வேரில் முடிச்சுகளை அமைத்து, காற்றிலுள்ள நைதரசனைப் பயிருக்குத் தரும் றைசோபியம் என்னும் பற்றீரியாவிலும் பயோவார்கள் உள. பட்டாணிக்குரிய பேதம் போஞ்சி வேரில் முடிச்சிடாது. போஞ்சிக்கு ‘பசியோலி’ என்னும் பேதம் வேண்டும். ஆகவே இத்தகைய பற்றீரியாப் பசளையை வாங்கும்போது எப்பயிருக்குரியது என்று உறையிற் பார்த்து வாங்குக.

8. நினைவிற் கொள்ள வேண்டியவை

(அ) நோய்க்கிருமியின் பெயரோடு நின்றுவிடாது, பேதத்தையும் கேட்டறிக.

(ஆ) பயோவார் எண் அடையாளமேயன்றிக் கடுமையின் அளவன்று.

(இ) பயோவார் 2 எனில், இரண்டு ஆண்டுகளுக்கேனும் அந்நிலத்தில் உருளைக்கிழங்கு, தக்காளி, கத்தரி ஆகியவற்றை இடாது, கோவா, லீக்ஸ், கரட், போஞ்சி போன்றவற்றை இடுக. தானாக முளைக்கும் உருளைக்கிழங்கையும் மணித்தக்காளிக் களையையும் விடாது பிடுங்குக. அவை நிற்கும்வரை பயிர்ச்சுழற்சியாற் பயனில்லை.

(ஈ) பயோவார் 3 அல்லது 4 எனில், மிளகாய், இஞ்சி, நிலக்கடலை ஆகியவற்றையும் தவிர்த்து, சுழற்சிக் காலத்தை நீட்டுக.

(உ) உறுதிப்படுத்தப்பட்ட விதைக்கிழங்கையே வாங்குக. விதைக்கிழங்கை வெட்டி நடற்க; ஒரு கிழங்கின் நோயைக் கத்தி பல கிழங்குகளுக்குக் கொண்டுசெல்லும்.

(ஊ) வாடிய செடியை வாய்க்காலில் எறியற்க. எறிந்தவர் நோயைக் கீழ்நிலத்து அயலவருக்கு அனுப்பியவராவார்.

வாடல் தோன்றினால் அடுத்த பயிரை நடுமுன்னர் மாதிரியோடு உங்கள் விவசாயப் போதனாசிரியரை அணுகுக. அறிக்கையில் இனப் பெயருக்குப் பின்னர் எழுதியிருப்பதையும் வாசித்து விளக்குமாறு கேளுங்கள். அடுத்து எதை நடுவது என்பதற்குரிய விடை அந்தச் சிறு சொல்லிலே இருக்கலாம்.