ஒரே இயக்குநரோடு முப்பது ஆண்டுகள்

கேள்வி: பெருமுதலீடு இல்லாத சுயாதீனப் படங்களை நம்பி ஒருவர் ஒளிப்பதிவாளராக நிலைபெற இயலுமா?
– வாசகர், கோவிந்தாபுரம், பாலக்காடு மாவட்டம்

பதில்: இயலும் என்பதற்குக் கேரளத்திலேயே உயர்ந்த சான்று உண்டு. மங்கட ரவிவர்மா, அடூர் கோபாலகிருஷ்ணன் இயக்கிய 'சுயம்வரம்' (1972) தொடங்கி 'நிழல்குத்து' (2002) வரை அவருடைய கதைப்படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தார். அவற்றுள் முதற்படமே ரவிவர்மாவுக்குத் தேசிய விருதைப் பெற்றுத் தந்தது. சுயாதீனப் படம் என்பது வணிக நிறுவனங்களின் கட்டளைக்கு உட்படாமல், கூட்டுறவு அமைப்பு, அரசுக் கடன் போன்ற வழிகளில் உருவாகும் படமாதலால், அங்கே ஊதியம் குறைவாயினும் ஒளியைப் பற்றிய முடிவுகளில் ஒளிப்பதிவாளருக்குரிய இடம் பெரிது. இவ்விருவரின் 'எலிப்பத்தாய'த்தில் (1981) மூன்று சகோதரிகளுக்கும் பச்சை, நீலம், சிவப்பு என ஒவ்வொரு வண்ணம் ஒதுக்கப்பட்டதும், பாழடைந்த தறவாட்டின், அதாவது கூட்டுக்குடும்பப் பெருவீட்டின், இருள் கதைமாந்தருள் ஒன்றாகவே இயங்குவதும், இயக்குநரும் ஒளிப்பதிவாளரும் நெடுங்காலம் ஒருமித்துச் சிந்தித்தாலன்றிக் கைகூடாதவை.

எனினும் அத்தகைய இயக்குநர் எல்லோருக்கும் வாய்ப்பதில்லை என்பதால், ஒளிப்பதிவாளர் மது அம்பாட்டின் பாதையே பலருக்கும் நடைமுறைக்கு உகந்தது. புனே திரைப்படக் கல்லூரியில் பயின்ற அவர், மணிரத்னத்தின் 'அஞ்சலி' (1990) போன்ற வணிகப் படங்களில் பணியாற்றியதோடு, முதல் சமஸ்கிருதத் திரைப்படமான 'ஆதி சங்கராச்சார்யா' (1983), மலையாளத்தின் 'ஆதாமிண்டே மகன் அபு' ஆகியவற்றுக்கும் ஒளியமைத்து, இரண்டிற்கும் தேசிய விருது பெற்றார். உங்கள் ஊரைப் போன்ற தமிழக-கேரள எல்லையூரில் வளர்ந்து தமிழும் மலையாளமும் அறிந்தவருக்கு இரு திரையுலகின் வாயில்களும் திறந்திருப்பதால், உதவி ஒளிப்பதிவாளராகத் தொடங்குவது தக்கது.