எட்டில் ஒன்றா? எட்டால் பெருக்கிப் பாருங்கள்!



இத்தா முடிந்த ஒரு தாயார் தம் மகளுடன் வந்தார். "ஹஜ்ரத், என் கொழுந்தன் 30,000 ரூபாய் தந்து, 'இதுதான் உங்கள் எட்டில் ஒரு பங்கு' என்கிறார். இது சரிதானா என்று எனக்கு எப்படித் தெரியும்?" என்று கேட்டார். நம் வீடுகளில் பல பெண்கள் கேட்கத் தயங்கும் கேள்வி இது.

கணவர் பிள்ளைகளை விட்டு மௌத்தானால் மனைவிக்கு எட்டில் ஒன்று. பிள்ளை இல்லையேல் நான்கில் ஒன்று (அல்குர்ஆன் 4:12). எட்டில் ஒன்று என்றால் எட்டுச் சம கூறுகளில் ஒரு கூறு. ஒரு கூறு 30,000 என்றால், எட்டுக் கூறும் சேர்ந்து 30,000 × 8 = 2,40,000. சதவிகிதத்தில் சொன்னால் எட்டில் ஒன்று 12½. 30,000-ஐ 12½-ஆல் வகுத்து 100-ஆல் பெருக்கினாலும் அதே தொகைதான் வரும். ஜகாத்தும் இப்படியே. 2½ சதவிகிதம் என்பது நாற்பதில் ஒன்று. 10,000 ரூபாய் ஜகாத் கொடுத்தவர் 4,00,000 ரூபாய்க்குக் கணக்கிட்டிருக்கிறார் என்று பொருள்.

அத்தாயாரின் கணவர் விட்டுச்சென்ற சிறு மனையும் கடைச் சரக்கும் 3,20,000 ரூபாய்க்கு விலைபோயின. பங்கிலிருந்து வந்த கணக்கோ 2,40,000. மீதி 80,000 எங்கே?

உடனே மோசடி என்று சொல்லிவிடக் கூடாது. கபன், அடக்கச் செலவும், கடனும், மூன்றில் ஒன்றுக்கு மிகாத வஸிய்யத்தும் போக மிஞ்சியதே பங்கிடப்படும். கணவர் கொடுக்காமல் விட்ட மஹரும் கடன்தான். அதை முதலில் கொடுக்க வேண்டும். எட்டில் ஒரு பங்கு அதற்கு ஈடாகாது. ஆகவே எட்டால் பெருக்கி வருவது, இவையெல்லாம் போக மிஞ்சிய தொகையே.

கொழுந்தனை அழைத்து அமைதியாகக் கேட்டோம். கடனும் செலவும் 40,000. மனை விற்ற வகையில் பிந்தி வந்த மற்றொரு 40,000 கணக்கில் சேராமல் நின்றிருந்தது. அவர் வருந்தி, உடனே அதைக் கொண்டுவந்து வைத்தார்.

அதில் எட்டில் ஒன்றான 5,000 தாயாருக்கு. மய்யித்தின் பெற்றோர் உயிருடன் இல்லை. பிள்ளைகள் இரு ஆண், ஒரு பெண். ஆணுக்கு இரண்டு, பெண்ணுக்கு ஒன்று என ஐந்து கூறு. மீதி 35,000-ல் மகளுக்கு 7,000. மகன்கள் ஒவ்வொருவருக்கும் 14,000.

ஒரு சிறு பெருக்கல் ஒரு குடும்பத்தின் ஹக்கை மீட்டுத் தந்தது. பங்கு வைத்தவரையும் மறுமையின் விசாரணையிலிருந்து காத்தது. எனவே, சகோதரிகளே, கணக்குக் கேட்பதைக் குறையாக எண்ணாதீர்கள். பங்கு வைப்பவர்களே, முழுத் தொகையையும் கழிவுகளையும் எழுதிக் காட்டிவிட்டுப் பங்கைக் கொடுங்கள். அநாதைகளின் பொருளை அநியாயமாக உண்பவர் தம் வயிற்றில் நெருப்பையே நிரப்புகின்றனர் என்ற எச்சரிக்கை (அல்குர்ஆன் 4:10) நம் நினைவில் இருக்கட்டும்.

உரியவருக்கு உரியதைக் குறைவின்றிக் கொடுக்க அல்லாஹ் நமக்குத் தவ்ஃபீக் செய்வானாக! ஆமீன்.